ஒழுகாத ஓட்டை

இளையாத்தங்குடி என்றதும் வெளியூர் அன்பர்களுக்கு இரண்டு விஷயங்கள் ஞாபகத்துக்கு வரும். ஒன்று, நகரத்தார் கோயில்கள் ஒன்பதில் ஒன்றான கைலாசநாதர் கோயில். மற்றொன்று, காஞ்சி காமகோடி பீடத்து ஆசாரியர் ஒருவரின் அதிஷ்டானம். 1962-ஆம் வருஷம் இங்கே கூடிய ஆகம சிற்ப சதஸைப் பற்றிக் கேள்விப்பட்டவர்களும் இருக்கக்கூடும். ஆனால் இந்த வாரம் நாம் எழுதப் புகுந்தது இவற்றில் எதையும் பற்றியல்ல. ஊருணிக் கரைச் சரிவில் மூக்கைக் கீழே சாய்த்துக்கொண்டு நின்ற ஒரு பழைய அம்பாஸிடர் காரைப் பற்றியது. காரைப் பற்றி மட்டுமா? அதை முப்பது வருஷ காலம் ஓட்டிவந்த ஒரு மனிதரின் மானத்தைப் பற்றியதுந்தான்.

கார் நமது அடுத்த வீட்டு ஆச்சிக்குச் சொந்தம். ஆச்சியின் கணவர் 1986-ல் வாங்கிய டீஸல் வண்டி. அவர் காலமாகிப் பல வருஷங்களாயின. பிள்ளைகள் இருவரும் கடல் கடந்து உத்தியோகம் பார்க்கிறார்கள். இரண்டாம் கட்டு, மூன்றாம் கட்டு அறைகளெல்லாம் பூட்டிக் கிடக்கும் அந்தப் பெரிய வீட்டில் ஆச்சியும் ஒரு சமையற்காரியுந்தான். வண்டியும் மாதத்தில் இருபத்தைந்து நாள் சும்மா நிற்கும். உறவில் கல்யாணம், காரியம், மதுரையில் கண் வைத்தியரைப் பார்ப்பது, இவற்றுக்குத்தான் புறப்படும்.

சென்ற கார்த்திகை மாதத்தில் வண்டிக்கு ஒரு விசித்திரமான நோய் வந்தது. காலையில் சாவியைத் திருப்பினால் உடனே கிளம்பும். அரை நிமிஷம் ஓடும். பிறகு விக்கல் எடுத்தாற்போல் இரண்டு குலுக்குக் குலுக்கி நின்றுவிடும். அப்புறம் பாட்டரி சோர்ந்து போகிற வரையில் சுற்றினாலும் அசையாது. ஒரு நாள் மதுரைக்குப் போகும் வழியில், திருப்பத்தூரைத் தாண்டியதும், உச்சி வெயிலில் நடுச் சாலையில் நின்றுவிட்டது. எழுபத்தெட்டு வயது ஆச்சி இரண்டு மணி நேரம் புளியமரத்தடியில் உட்கார்ந்திருந்தார்கள்.

வண்டியைக் கட்டி இழுத்து ஒரு பட்டணத்துப் பட்டறைக்குக் கொண்டு போனார்கள். அங்கே பானெட்டைத் திறந்து பத்து நிமிஷம் பார்த்துவிட்டுத் தீர்ப்புச் சொன்னார்கள்: இஞ்செக்ஷன் பம்பு போய்விட்டது, நாஸில் நான்கும் போய்விட்டன, நாற்பத்திரண்டாயிரம் ரூபாய் ஆகும். இத்துடன் நின்றிருந்தால் பாதகமில்லை. "டீஸலில் மண்ணெண்ணெய் கலந்திருக்கிறது, ஆச்சி. யார் கலந்தது என்று நாங்கள் சொல்லக்கூடாது" என்று ஒரு வார்த்தையையும் சேர்த்துச் சொல்லியனுப்பினார்களாம்.

ஆச்சியின் மனத்தில் ஏற்கெனவே சில சந்தேகங்கள் இருந்தன. ஷெட் இருக்கும்போது டிரைவர் ஏன் வண்டியை ஊருணிக் கரையில் கொண்டு போய் நிறுத்துகிறார்? டாங்க் பாதிக்குக் கீழே இறங்குவதற்குள் ஏன் டீஸலுக்குப் பணம் கேட்கிறார்? வண்டி நின்ற இடத்து மண்ணில் எண்ணெய்க் கறை ஏன்? இந்த மூன்று கேள்விகளுக்கும் ஒரே பதில்தானே பொருந்தும்? இராத்திரியில் டீஸலை இறக்கி விற்றுவிட்டு, குறைந்ததற்கு மண்ணெண்ணெயை ஊற்றுகிறார்! "ஒண்ணாந் தேதியிலேருந்து வர வேணாம்ப்பா" என்று ஆச்சி சொல்லிவிட்டார்கள்.

அன்றிரவு டிரைவர் நம் வீட்டுத் திண்ணைக்கு வந்தார். அறுபது வயதுக்காரர். வேலை போனதைப் பற்றி ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. "வாத்தியாரய்யா, நான் எண்ணெ திருடினேன்னு ஆச்சி நினைக்கிறாக. நீங்க சயன்ஸு படிச்சவுக. என்னான்னு பார்த்துச் சொல்லுங்க" என்று மட்டும் சொன்னார்.

நாம் பள்ளிக்கூடத்தில் பௌதிகம் போதிப்பவர். கார் ரிப்பேர் செய்து பழக்கமில்லை. ஆகவே காரைக்குடியில் டீஸல் பம்பு வேலையிலேயே தலை நரைத்து, இப்போது ஓய்ந்திருக்கும் ஒரு மிஸ்திரியைப் போய் அழைத்தோம். வருகிற ஞாயிற்றுக்கிழமை வருவதாகச் சொன்னார்.

நிற்க. டீஸல் வண்டியின் சங்கதியைத் தெரிந்துகொண்டால்தான் மேலே நடந்தது விளங்கும். பெட்ரோல் யந்திரத்தில் பிளக்கிலிருந்து பொறி பறந்து எண்ணெய் பற்றிக்கொள்கிறது. டீஸல் யந்திரத்தில் பொறி கிடையாது. காற்றை இருபது மடங்குக்கு மேல் நெருக்குகிறார்கள். நெருக்கிய காற்று பழுக்கக் காய்ந்துவிடுகிறது. அந்தச் சமயம் பார்த்து எண்ணெயைப் புகை போலப் பீச்சினால் தானே பற்றிக்கொள்ளும். பீச்சுவதுதான் கஷ்டம். 1897-ல் தமது யந்திரத்தை ஓட்டிக் காட்டிய ரூடால்ப் டீஸல், இதற்கென்று தனியாக ஒரு காற்றமுக்கி வைத்து, அந்தக் காற்றின் பலத்தால் எண்ணெயை ஊதினார். அது பெரிய தொழிற்சாலைகளுக்குச் சரி. காருக்குள் எப்படி வைப்பது? ஜெர்மனியில் பாஷ் கம்பெனியார் 1927-ல் சிறிய இஞ்செக்ஷன் பம்புகளை வரிசையாகச் செய்து விற்கத் தொடங்கிய பிறகே வழி பிறந்தது. 1936-ல் மெர்ஸிடிஸ் டீஸல் கார் வெளிவந்தது. நம் தேசத்தில் 1951-ல் பெங்களூரில் மைக்கோ கம்பெனி ஏற்பட்டு, இந்தப் பம்புகளும் நாஸில்களும் இங்கேயே செய்யப்படலாயின. 2014-ல் உத்தர்பாராத் தொழிற்சாலை வேலையை நிறுத்தும் வரையில் அம்பாஸிடர்கள் வந்துகொண்டிருந்தன. ஆச்சியின் வண்டியில் இருப்பது 1,489 கன ஸெண்டிமீட்டர் டீஸல் யந்திரம்.

இந்தப் பம்பு செய்கிற வேலையை ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். (வாத்தியார் புத்தி போகுமா?) மணிக்கு 60 கிலோமீட்டர் வேகம், லிட்டருக்கு 15 கிலோமீட்டர் என்றால் மணிக்கு 4 லிட்டர் செலவு. யந்திரம் நிமிஷத்துக்கு 2,500 சுற்றுச் சுற்றுவதாகக் கொண்டால், நான்கு ஸிலிண்டர்களுக்கும் சேர்த்து நிமிஷத்துக்கு 5,000 பீச்சல். மணிக்கு மூன்று லட்சம். 4 லிட்டரை மூன்று லட்சத்தால் வகுத்தால், ஒரு பீச்சலுக்கு 13 கன மில்லிமீட்டர். ஒரு தண்ணீர்ச் சொட்டில் ஏறக்குறைய கால்வாசி! அந்தக் கால் சொட்டை, நூறு வாயு மண்டலத்துக்கு மேற்பட்ட அழுத்தத்தில், குறித்த கணத்தில் பீச்சவேண்டும். பம்புக்குள்ளே உலக்கைக்கும் உரலுக்கும் உள்ள இடைவெளி ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் இரண்டு மூன்று பங்குதான். தலைமயிர் இதைப் போல் இருபது மடங்கு பருமன்.

இவ்வளவு நுட்பமான சாமான் ஆகையால் விலையும் அதிகம், பயமும் அதிகம். வண்டி நின்றால் எல்லோருடைய கையும் முதலில் பம்பைத்தான் சுட்டுகிறது. ஆனால் நமது மிஸ்திரி ஞாயிற்றுக்கிழமை வந்ததும் பானெட்டைத் திறக்கவேயில்லை. திண்ணையில் உட்கார்ந்து மோர் வாங்கிக் குடித்துவிட்டு, டிரைவரைத்தான் விசாரித்தார்.

"சுத்தும்போது சைலன்ஸர்ல புகை வருதா?"

"சொட்டுப் புகைகூட வரலைண்ணே."

"சரி. எங்கே நிறுத்தினா நல்லாக் கிளம்புது?"

டிரைவர் தலையைச் சொறிந்தார். "ஊருணிச் சரிவுலே மூக்கு கீழே இருக்க நிறுத்தினா காலையிலே ஒரே திருப்புலே கிளம்பி ஓடுதுண்ணே. ஷெட்டுலே நிறுத்தினா நின்னுபோகுது. டாங்க் நிறைய இருந்தாலும் தேவலை. பாதிக்குக் கீழே போனா மக்கர் பண்ணுது. பட்டறையிலே இதைச் சொன்னேன், சிரிச்சாக."

மிஸ்திரி நம்மைப் பார்த்தார். "வாத்தியார் சார், நோய் என்னான்னு டிரைவரே சொல்லிட்டாரு. இனிமே இடத்தைக் கண்டுபிடிக்க வேண்டியதுதான்."

நமக்கு ஒரு கணம் புரியவில்லை. பிறகு பளிச்சென்று விளங்கிற்று. சுற்றும்போது வெள்ளைப் புகை வந்தால், எண்ணெய் உள்ளே போகிறது, எரியவில்லை என்று அர்த்தம். ஹீட்டர் பிளக்கைப் பார்க்கவேண்டும். கறுப்புப் புகை வந்தால், எண்ணெய் மிஞ்சுகிறது அல்லது காற்றுப் போதவில்லை. காற்று வடிகட்டியையும் நாஸிலையும் பார்க்கவேண்டும். நீலப் புகை வந்தால் யந்திர எண்ணெய் எரிகிறது. புகையே வராவிட்டால்? எண்ணெய் போய்ச் சேரவேயில்லை. ஏன் சேரவில்லை? அம்பாஸிடரில் டாங்க் பின்னால், டிக்கிக்கு அடியில் இருக்கிறது. முன்னால் யந்திரத்தின் பக்கத்தில் உள்ள பீட் பம்பு அங்கிருந்து எண்ணெயை உறிஞ்சவேண்டும். இளநீரை உறிஞ்சும் குழலில் மயிரிழை போல் ஒரு கீறல் விழுந்தால் என்ன ஆகிறது? கீறல் வழியாக ஒரு சொட்டும் வெளியே வருவதில்லை. காற்றுத்தான் உள்ளே போகிறது; வாயில் இளநீருக்குப் பதில் நுரை வருகிறது. உறிஞ்சும் பக்கத்து ஓட்டை ஒழுகாது! ஆகையால்தான் வண்டிக்கடியில் குனிந்து பார்த்தவர்களுக்கு ஒன்றும் தெரியவில்லை. எண்ணெய் இராத்திரியில் மெள்ளப் பின்வாங்கி டாங்குக்கே திரும்பிவிடும். காலையில் யந்திரம் பம்பில் தங்கிய கொஞ்சத்தைக் குடித்துவிட்டு, பிறகு காற்றைக் குடித்து விக்கி நிற்கும்.

மூக்கைச் சாய்த்து நிறுத்தினால் டாங்க் மேலே, யந்திரம் கீழே. எண்ணெய் தன் பாரத்தாலேயே முன்னால் இறங்கி நிற்கும். காற்றுப் புக இடமில்லை. டாங்க் நிறைந்திருந்தாலும் உறிஞ்சவேண்டிய உயரம் குறைவு. பாவம், டிரைவருக்கு இந்தப் பௌதிகம் தெரியாது. வண்டியோடு பழகிப் பழகி, அதற்கு எது சௌகரியம் என்று கண்டு அதன்படி செய்திருக்கிறார். அதுவே அவருக்குப் பழியாக வந்து முடிந்தது.

"அப்படியானால் அந்தக் கறை?" என்று கேட்டோம். மூவரும் ஊருணிக் கரைக்குப் போய்ப் பார்த்தோம். சரிவில் நிற்கையில் ஓட்டைக்கு மேலே எண்ணெயின் பாரம் இருப்பதால், அங்கே மட்டும் அது கொஞ்சம் கசியவேண்டியதுதானே? கறை அகல் விளக்கு அகலத்துக்கு இருந்தது. எங்கே இருந்தது என்பதுதான் முக்கியம். டாங்குக்கு நேர் கீழே அல்ல. முன் சக்கரத்துக்குச் சற்றுப் பின்னால். டாங்கிலிருந்து எண்ணெய் இறக்குகிறவன் கறையை முன் சக்கரத்தடியில் ஏன் வைக்கிறான்?

இவ்வளவும் யூகம். யூகத்தைக் கொண்டு ஆச்சியிடம் போக முடியாது. மிஸ்திரி முதலில் காற்றை எடுத்துக் காட்டினார். வடிகட்டியின் தலையிலுள்ள திருகைத் தளர்த்தி, பீட் பம்பின் கைப்பிடியை அடிக்க அடிக்க, சோற்றுக் கஞ்சி பொங்குவது போல நுரை வந்தது. நுரை நின்று தெளிந்த டீஸல் வந்ததும் திருகை இறுக்கினார். பிறகு பெரிய பம்பின் திருகிலும் அதே காரியம். வண்டி கிளம்பிற்று. "இது வைத்தியமில்லை சார், சும்மா தண்ணி தெளிச்சு எழுப்புறது. நாளைக்குக் காலையிலே மறுபடியும் படுத்துக்கும்" என்றார்.

அடுத்துச் செய்த பரிசோதனைதான் நம்மை மிகவும் கவர்ந்தது. சுத்தமான ஒரு டப்பாவில் நல்ல டீஸலை ஊற்றி, பானெட் உயரத்துக்குக் கட்டித் தொங்கவிட்டு, புதுக் குழாய் ஒன்றினால் நேரே பீட் பம்போடு இணைத்தார். ஆஸ்பத்திரியில் ஸலைன் ஏற்றுவார்களே, அதே மாதிரி. யந்திரத்திலிருந்து திரும்பி வரும் எண்ணெய்க் குழாயையும் அந்த டப்பாவிலேயே விட்டார். டாங்குக்கும் யந்திரத்துக்கும் இப்போது சம்பந்தமேயில்லை. யந்திரம் ஒரு மணி நேரம் ஒரு விக்கலுமின்றி ஓடிற்று. அணைத்துவிட்டு இராத்திரி முழுவதும் ஷெட்டில் சமதரையில் விட்டோம். காலையில் ஒரே திருப்பில் கிளம்பி, நிற்காமல் ஓடிற்று. நாற்பத்திரண்டாயிரம் ரூபாய்ப் பம்பு குற்றமற்றது என்று தீர்ப்பாகிவிட்டது! (இதைச் செய்து பார்க்க விரும்புகிறவர்கள் திறந்த வெளியில் வைத்து, பீடி சிகரெட் இல்லாமல், விஷயம் தெரிந்தவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்யவேண்டும்.)

பிறகு ஓட்டையைத் தேடினோம். கண்ணாடி போன்ற பிளாஸ்டிக் குழாய்த் துண்டு ஒன்றைப் பீட் பம்பின் வாயில் இடையே பொருத்தினால் குமிழிகள் வரிசையாக ஓடின. அதையே டாங்கின் வாயில் பொருத்தினால் ஒரு குமிழிகூட இல்லை. ஆகவே ஓட்டை இரண்டுக்கும் நடுவே. அடியில் ஓடும் இரும்புக் குழாயும் யந்திரத்தின் ரப்பர்க் குழாயும் சேரும் இடத்தில், கிளிப்பைக் கழற்றிப் பார்த்தால், ரப்பர் கோடை வயல் போல வெடித்திருந்தது. முன் சக்கரத்துக்குச் சற்றுப் பின்னால். கறைக்கு நேர் மேலே.

ரப்பர் வெடித்ததற்கு வயது ஒரு காரணம். இன்னொன்றும் உதவியிருக்கலாம். 2020 ஏப்ரல் முதல் தேசம் முழுவதும் விற்கும் டீஸலில் கந்தகம் பத்து லட்சத்தில் 10 பங்குக்கு மேல் இருக்கக்கூடாது என்று விதி. ஆச்சியின் கார் வாங்கிய காலத்து டீஸலில் இதைப் போலப் பல நூறு மடங்கு கந்தகம் இருந்தது. மூச்சு விடுகிற ஜனங்களுக்கு இது மகத்தான உபகாரம். ஆனால் கந்தகத்தை நீக்கும்போது எண்ணெயின் சேர்க்கையும் சற்று மாறுகிறது. பழைய எண்ணெயில் ஊறிப் பருத்திருந்த ரப்பர், புதிய எண்ணெயில் சுருங்கிக் கசிவதுண்டு. வேறு தேசங்களில் இந்த மாறுதல் வந்தபோதும் பழைய வண்டிக்காரர்கள் இதே புகாரைச் சொன்னார்கள்.

மண்ணெண்ணெய்க் கதை பாக்கி இருந்தது. டாங்கின் அடித் திருகைக் கழற்றி ஒரு கண்ணாடிப் பாட்டிலில் பிடித்தோம். அடியில் இரண்டு விரல் உயரத்துக்குத் தண்ணீர், துருப் பொடியோடு நின்றது. மாதக்கணக்கில் சும்மா நிற்கும் வண்டியின் டாங்கில், பகல் வெயிலுக்கும் இரவுக் குளிருக்கும் காற்றிலுள்ள ஈரம் வியர்த்து இறங்குகிறது. டாங்க் எவ்வளவு காலியோ அவ்வளவு வியர்வை. ஆக, டாங்கை நிறைத்து வைக்கவேண்டும் என்று டிரைவர் கேட்டது இந்த விதத்திலும் சரிதான். பட்டறைக்காரர்கள் கலங்கலைப் பார்த்துக் கலப்படம் என்று சொல்லியிருப்பார்கள் போலும். மேலே நின்ற டீஸலைத் தெளியவைத்து, நமது பள்ளிக்கூட ஹைட்ராமீட்டரை மிதக்கவிட்டோம். ஆச்சி வழக்கமாக டீஸல் வாங்கும் பங்க்கிலிருந்தே புதிதாக அரை லிட்டர் வாங்கி அதையும் பக்கத்தில் வைத்து அளந்தோம். மண்ணெண்ணெய் டீஸலைவிட இலேசானது; கலந்திருந்தால் மிதவை சற்று அதிகமாக அமிழும். இரண்டிலும் ஒரே கோட்டில் நின்றது. போதாக்குறைக்கு, ரேஷன் மண்ணெண்ணெய்க்கு நீலச் சாயம் கலந்துதான் தருகிறார்கள். பாட்டிலில் நீலம் துளியும் இல்லை.

நாஸில்களை விட்டுவிடவில்லை. வண்டி மெதுவாக ஓடும்போது மிஸ்திரி ஒவ்வொரு நாஸிலின் குழாய் நட்டையும் துணியைப் போர்த்துத் தளர்த்திப் பார்த்தார். முதல், இரண்டாவது, நான்காவதைத் தளர்த்தியபோது யந்திரத்தின் சத்தம் தடுமாறிற்று. மூன்றாவதைத் தளர்த்தியபோது ஒரு மாறுதலும் இல்லை. வேலை செய்யாதவன் லீவு போட்டால் யாருக்குத் தெரியும்? அதைக் கழற்றிக் காரைக்குடிக்குக் கொண்டு போய்ப் பரிசோதனை யந்திரத்தில் மாட்டிக் கையால் அடித்துப் பார்த்தோம். நல்ல நாஸில் 'கிர்' என்று கத்திப் பனி போலத் தூவும். இது சிறு குழந்தை ஜொள்ளு விடுவது போல வழியவிட்டது. அப்போது நாம் ஆவலினால் விரலை நீட்டப் போக, மிஸ்திரி கையைத் தட்டிவிட்டார். அந்தத் தாரை தோலைத் துளைத்து உள்ளே போய்விடுமாம். பார்வைக்கு ஊசி குத்தினாற்போல் இருந்தாலும் விரலையே எடுக்கும்படி ஆகிவிடுமாம். நாஸிலைப் பித்தளைத் தூரிகையால் சுத்தம் செய்து, கரி நீக்கி, புதுச் செம்பு வளையம் போட்டு மாட்டியதும் ஒழுங்காகத் தூவிற்று.

செலவு: ரப்பர்க் குழாயும் கிளிப்புகளும் 260 ரூபாய், வடிகட்டிகள் 700, நாஸில் வேலை 450, டாங்க் கழுவியது 300. மிஸ்திரி கூலி வாங்க மறுத்து, பிறகு ஆச்சியின் வற்புறுத்தலுக்காக 500 வாங்கிக்கொண்டார்.

பெட்ரோல் இஞ்செக்ஷன் கார் வைத்திருக்கும் நேயர்கள், "எங்கள் வண்டியில் கம்ப்யூட்டர் இருக்கிறதே!" என்பார்கள். 2000-ஆம் வருஷத்தையொட்டி வந்த மாருதி முதலிய வண்டிகளும் இப்போது பழைய வண்டிகள்தான். அவற்றில் பம்பு டாங்குக்குள்ளேயே இருந்து எண்ணெயைத் தள்ளுகிறது. ஆகவே அங்கே ஓட்டை ஒழுகும். பெட்ரோல் வாடை அடித்தால் வண்டியைக் கிளப்பவே கூடாது. சாவியை ஒரு கட்டம் திருப்பி நிறுத்திக் காதைக் கொடுத்தால், பின் ஸீட்டுப் பக்கம் இரண்டு விநாடி 'ங்' என்று ஒரு ரீங்காரம் கேட்கவேண்டும். கேட்காவிட்டால் பியூஸையும் ரிலேயையும் பார்த்த பிறகே பம்பை நினைக்கவேண்டும். இப்போது பெட்ரோலில் 20 சதவீதம் எத்தனால் கலக்கிறார்கள். எத்தனால் ஈரத்தை இழுக்கும் குணமுடையது. மாதக்கணக்கில் பூட்டி வைக்கும் வீட்டு வண்டிக்காரர்கள் இதை மறக்கலாகாது.

பரிசோதனைகளையெல்லாம் ஆச்சியின் முன்னிலையிலேயே செய்தோம். பாட்டிலையும், வெடித்த ரப்பர்த் துண்டையும் ஆச்சி வெகு நேரம் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். டிரைவர் வாசற்படிக்கு வெளியே நின்றார். ஆச்சி மன்னிப்பு ஏதாவது கேட்பார்கள் என்று நாம் எதிர்பார்த்தோம். கேட்கவில்லை. ரப்பர்த் துண்டை மடியில் வைத்துக்கொண்டு, "ஏப்பா, வெள்ளிக்கிழமை மதுரைக்குப் போகணும். ஆறு மணிக்கெல்லாம் வந்துரு. டாங்க்கை நிறைச்சுக்க" என்று பணத்தை எடுத்துக் கொடுத்தார்கள்.

நேற்று மாலை ஊருணிப் பக்கம் போனோம். ஓட்டை அடைபட்டு மூன்று மாதமாயிற்று, ஷெட்டிலேயே நிறுத்தலாம். ஆனால் வண்டி சரிவில்தான், மூக்கைக் கீழே சாய்த்துக்கொண்டு நின்றது. குனிந்து மண்ணைப் பார்த்தோம். கறை இல்லை.